எத்தனை இலக்கம்

சிம்மக்கல் கிளையில் மூன்றாம் கவுண்ட்டர்.
சேர்ந்த அன்றே மேலாளர் நீட்டிய தாளில்
விசுவாசமும் இரகசியமும் காப்பேன் என்று
கையெழுத்துப் போட்டேன்.
இருபத்து மூன்று வயது.
கையில் எவ்வளவு சம்பளம் வரும் என்பதில்தான்
என் கவனம் முழுக்க.

வாய்ப்பூட்டின் கனம் பிறகுதான் தெரிந்தது.
வெற்றிலைக் கடைக்காரர்
மகனுக்குத் தெரியாமல் சேர்த்து வைத்திருப்பது,
வாத்தியார் மாதம் தவறாமல்
வேறொரு பெண்ணின் பெயருக்கு அனுப்புவது,
அத்தனையும் தலைக்குள் வைத்துக்கொண்டு
யானைக்கல்லில் அவர்கள் பக்கத்திலேயே நின்று
வெங்காயம் பேரம் பேசினேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை
அண்ணன் சோணைமுத்து கறி வாங்கிக்கொண்டு வந்தான்.
காரணமில்லாமல் கறி வாங்குகிற ஆளில்லை.
அங்கயற்கண்ணிக்கு வரன் வந்திருக்கிறதாம்.
"மாப்பிள்ளையோட அப்பாவுக்கு
உங்க பேங்க்லதான் கணக்கு.
வாயத் தொறந்து ஒண்ணும் சொல்ல வேணாம்.
எத்தனை இலக்கம்?
ஆறுன்னா இடது கை, ஏழுன்னா வலது கை,
தூக்கிக் காட்டு, போதும்."

என் இரண்டு கையிலும் மசாலா.

எனக்குத் தெரியும்.
அந்த வாரம்தான் அவருக்கு மூன்றாவது நோட்டீஸை
நானே தட்டச்சு செய்து உறையிலிட்டு ஒட்டியிருந்தேன்.
(தொகை எவ்வளவு என்று இங்கேயும் எழுதமாட்டேன்.
என்ன தொழில் என்று எழுதியதையும் அடித்துவிட்டேன்.
அண்ணன் பெயரும் இதில் வேறு.)

மீனாட்சி கோயில் மாதிரி
இந்தச் சட்டத்துக்கும் நான்கு வாசல்.
நீதிமன்றம் கேட்டால்.
பொதுநலன் கேட்டால்.
வங்கிக்கே தேவை என்றால்.
கணக்குக்காரர் சரி என்றால்.
கோயிலுக்காவது அம்மன் சன்னதியில்
கோபுரமில்லாத ஐந்தாவது ஒன்று உண்டு.
கூடப்பிறந்தவன் நுழைய
இதில் அப்படி எதுவும் இல்லை.

"அவங்ககிட்டயே கேளு.
பாஸ்புக்கைக் காட்டச் சொல்லு" என்றேன்.
"சம்பந்தி வீட்ல போயி எவனாவது
அதைக் கேப்பானா?" சிரித்தான்.
"ஏதாச்சும் இருந்தா நீ சொல்லாமலா இருப்ப"
என்று என் மௌனத்தை
நாலாய் மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு
கிளம்பிப் போனான்.

திருப்பரங்குன்றத்தில் தாலி ஏறியபோது
அட்சதை என் கையிலேயே
வியர்வையில் ஒட்டிக்கொண்டது.

எட்டாம் மாதம் ஏல அறிவிப்பு
செய்தித்தாளில் வந்தது, முழு முகவரியோடு.
அதுவரை நான் விழுங்கியதை
டீக்கடைக்கு டீக்கடை சத்தமாய் வாசித்தார்கள்.
அங்கயற்கண்ணியின் வளையல்கள்
தெற்குமாசி வீதிக்கு அடகுக்குப் போயின.

அண்ணன் வந்தான், கறி இல்லாமல்.
"உனக்குத் தெரியும்ல?"

அதற்கும் பதில் சொல்ல முடியாது.
தெரியும் என்பதும் ஒரு தகவல்தான்.

அன்று விட்ட பேச்சு.
அம்மா திவசத்தில்கூட
அவன் பந்தி முடிந்துதான் எனக்கு இலை.
நான் ஓய்வு பெற்று ஏழு வருடம் ஆகிறது.
கையெழுத்து இன்னும் வேலையில் இருக்கிறது.

அவனுக்குத் தெரியாத ஒன்று உண்டு.
கல்யாணத்துக்கு ஒன்பது நாள் முன்பு
மாப்பிள்ளையின் அப்பா
கவுண்ட்டர் கண்ணாடியில் மூச்சுப் படியக் குனிந்தார்.
"சோணைமுத்து உங்க அண்ணன்தானே?
சீர் செய்றதாச் சொல்லியிருக்கார்.
கைக்காசா, கடனாம்மா?
தலைய ஆட்டுங்க, போதும்."

அண்ணனின் கணக்கும் எங்கள் கிளையில்தான்.
அதில் என்ன இருந்தது, என்ன இல்லை,
அதையும் இங்கே எழுதமாட்டேன்.
தலையை ஆட்டியிருந்தால்
அந்தக் கல்யாணமே நின்றிருக்கும்.
அது அன்று நல்லதா கெட்டதா என்று
கழுத்தை அசைக்காமல் யோசித்தேன்.

பிறகு, டோக்கன் எண் என்ன
என்று கேட்டேன்.
நாற்பத்தொன்று என்றார்.

அதை மட்டும் சொல்லலாம்.