சிவப்பு இல்லை

செவ்வாய்க்கிழமைப் பதிவேட்டில் என் கையெழுத்து:
கலூபா, வயது நாற்பத்தொன்று, செம்பு உருக்காலை.
உடம்பெங்கும் அரிப்பு. லேசான காய்ச்சல்.
தோலில் சிவப்பு இல்லை.
காலமைன் ஒரு குப்பி. வீட்டுக்குப் போகலாம்.

சனிக்கிழமை அவனைத்
தக்காளி ஏற்றும் வண்டியில் கொண்டுவந்தார்கள்.
முஃபுலிராவில் அக்டோபர்.
தார் ஒழுகும் வெயிலில்
இரண்டு கம்பளிக்குள் நடுங்கிக்கொண்டிருந்தான்.
முகம் வீங்கி
கண்கள் இரண்டு கீறலாகியிருந்தன.

அவன் மனைவி முகூகா போர்வையை உதறிக் காட்டினாள்.
"காலையில் எழுந்தால் படுக்கையில்
ஒரு கை மாவு.
சோளமாவாக இருந்தால்
இந்நேரம் ந்ஷிமா கிண்டியிருப்பேன்."
அவள் சிரிக்கவில்லை.

நான் படித்த பாடப்புத்தகத்தில்
எல்லா முதுகும் வெள்ளைக்காரன் முதுகு.
அவற்றில் சிவப்பு
அரைக் குருடனுக்கும் தெரியும்.
அந்த நிறத்தைத் தேடித்தான்
செவ்வாயன்று இவனைத் திருப்பிப் போட்டுப் பார்த்தேன்,
பார்க்கிற கையும் கறுப்பு
என்பதுகூட உறைக்காமல்.

டியூப்லைட்டை அணைத்தேன்.
ஜன்னலருகே நகர்த்தினேன்.
புறங்கையை வைத்தேன்: தோள், விலா, தொடை.
சுட்டது.
கறுப்பு கறுப்பாகத்தான் இருந்தது,
ஆனால் அடியில் கத்தரிக்காய் நிறம் ஓடியது,
மேலே சாம்பல் செதில்.
வலது தோள்பட்டைக்குக் கீழே
உள்ளங்கை அகலம் ஓரிடம்
வழவழவென்று, குளிர்ச்சியாக,
எப்படியோ தப்பித்திருந்தது.
அதன் பக்கத்தில் வைத்துப் பார்த்தபோதுதான்
மிச்ச உடம்பு முழுதும்
பற்றியெரிவது தெரிந்தது.

பல் தந்தியடிக்க அவனே சொன்னான்:
"அச்சில் ஊற்றிய செம்பு
மேலே சீக்கிரம் கறுத்துவிடும், டாக்டர்.
ஆறிவிட்டதென்று கை வைத்த ஒருத்தன்
என் ஷிஃப்டில் இருந்தான்."

வாயைத் திற. புண் இல்லை.
கண் உறுத்துகிறதா? இல்லை.
விரலிடுக்கில் சிரங்கு இல்லை,
நகத்தில் குழி இல்லை, சொரியாசிஸ் வழியில் யாரும் இல்லை.
கழுத்திலும் அக்குளிலும் நெறி கட்டியிருந்தது.
என்ன மாத்திரை சாப்பிட்டாய்?
ஒன்றுமில்லை.
வேறு மாதிரி கேட்டேன். ஒன்றுமில்லை.
முகூகாவைக் கேட்டேன்.
"கட்டைவிரல் வீக்கத்துக்கு ஒன்று போடுகிறார்.
அது காலுக்குத்தானே?"
கைப்பையிலிருந்து வெள்ளிப் பட்டை வந்தது.
அலோபியூரினால். ஐந்தாவது வாரம்.

நிறுத்து.
மருந்துகளில் முதலாவது அதுதான்.
பிறகு டிரிப், பிறகு பிரெட்னிசோலோன்,
பிறகு கிட்வேக்குப் போன ரத்தம்
ஈரல் வீங்கிய கணக்கோடு திரும்பி வந்தது.
முகூகா வாஸலீனைக் குழம்புக் கரண்டியால் எடுத்து
நாளைக்கு நான்கு முறை பூசினாள்.
எட்டாம் நாள் அவன் கம்பளியைக் காலால் தள்ளினான்.
மாத்திரையை உடனே விடாதே என்றேன்,
ஏணியிலிருந்து இறங்குவதுபோல் குறைக்க வேண்டும்,
குதித்தால் மறுபடி எரியும்.

பதிவேட்டில் அடித்தல் கூடாதென்பது விதி.
செவ்வாய்க்கிழமை வரியை அடிக்கவில்லை.
பக்கத்து ஓரத்தில் பொடியாக எழுதிவைத்தேன்:
தொட்டுப் பார்க்கவில்லை.

மழை தொடங்கிய டிசம்பரில் திரும்ப வந்தான்,
கையை நீட்டிக்கொண்டு.
உள்ளங்கை உறையோடு உரிந்து
புதுத்தோல் வந்திருந்தது, கோடில்லாமல்.
ஆலை வாசல் இயந்திரம்
கட்டைவிரலை வைக்கச் சொல்கிறதாம்,
வைத்தால் நீ யாரென்று கேட்கிறதாம்.
பதினாறு வருஷம் இதே வாசல், என்றான்.

கடிதம் எழுதிக் கொடுத்தேன்.
இவர் கலூபாதான்.
ரேகை வர இன்னும் சில வாரம் ஆகும்.
அதுவரை முகம் பார்த்து விடவும்.
உலைப்பக்கம் இப்போதைக்கு வேண்டாம்.
அலோபியூரினால் எக்காரணம் கொண்டும் கூடாது.

வாங்கி ஒருமுறை படித்தவன்
கடைசி வரியைக் காட்டிக் கேட்டான்:
"இதை மட்டும்
சிவப்பு மையில் எழுத முடியுமா, டாக்டர்?
கண்ணில் படவேண்டும்."