இடது கை மோதிர விரல்

பாயான் லெப்பாஸ் அட்டைப்பெட்டித் தொழிற்சாலை.
ஷிஃப்ட் முடியப் பத்து நிமிடம் இருக்கையில்
கத்தி இறங்கியது.
வழக்கமான சத்தம்தான்.
சூப்பர்வைசர் லிம் விரலை ஐஸ் பையிலும்
மோதிரத்தைச் சம்பள உறையிலும் போட்டுத் தந்தார்.

பெரிய ஆஸ்பத்திரி கவுண்டரில் கேட்டாள்:
அட்டை?
என்னுடையது சிவப்பு.
ஜெலுத்தோங்கில் பிறந்து ஐம்பத்தொரு வருடம்,
இன்னும் சிவப்பு.
அதற்குக் கட்டணம் வேறு என்றாள்,
திரையைப் பார்த்தபடியே.

ஏழு மணி நேரம் தைத்தார்கள்.
மூன்றாம் நாள் விரல் கத்தரிக்காய் நிறமானது.
ரத்தம் உள்ளே வருகிறது,
திரும்பப் போக வழியில்லை என்றார் டாக்டர்.
மிஸ்ஸி ரொஹானி ஒரு குப்பியோடு வந்தாள்.
லிந்தா, என்றாள்.

குளத்து அட்டை.
பாசி நிற முதுகு, செங்கல் நிற வயிறு.
ஐந்து ஜோடிக் கண்ணாம்,
ஒன்றுகூட என்னைப் பார்க்கவில்லை.
முன்வாயால் தொட்டு, பின்வாயால் ஊன்றி
நகத்தை முழம் போட்டது.
பிறகு பிடித்தது.
வலிக்காமலிருக்க எச்சிலில் மருந்து வைத்திருக்கிறதாம்.
வீண். நரம்பு அறுந்த விரல் அது.

அட்டையாய் உறிஞ்சுகிறான் என்று
ஓவர்டைம் கணக்கு எழுதுகிறவனைத் திட்டியிருக்கிறேன்.
இது அரை மணி நேரம் குடித்தது,
கட்டைவிரல் பருமன் ஆனதும்
தானே கழன்று விழுந்தது.

நுனியில் மூன்று முனைக் கீறல்,
முதலாளி கார் மூக்கில் இருக்குமே, அது.
அதன் வழியே இரவெல்லாம் கசிந்தது.
ரொஹானி பஞ்சு மாற்றினாள், மாற்றினாள்,
நடுவில் உட்கார்ந்து தன் ரொட்டியைத் தின்றாள்.
விடியும்போது விரல்
யாரோ ஒரு குழந்தையின் விரல் மாதிரி இருந்தது.

ஆறு நாள், இருபத்துமூன்று அட்டை.
குடித்து முடித்ததை என்ன செய்வீர்கள்?
ஸ்பிரிட்டில் போடுவோம்.
இன்னொருவர் மேல் வைக்கக்கூடாது,
குளத்திலும் விடக்கூடாது.
ஒரு சாப்பாடு அதற்கு ஒரு வருடம் தாங்கும் என்றும் சொன்னாள்,
கையுறையைக் கழற்றிக்கொண்டே.

அட்டையைத் தூக்கி மெத்தையில் வைத்தாலும்
செத்தையைத்தான் தேடும் என்பார்கள்.
கடைசி இரவு ஒன்று கழன்றதை யாரும் கவனிக்கவில்லை.
போர்வை ஓரமாக இறங்கி,
கட்டில் காலைச் சுற்றி,
குளியலறைக் கதவடியில் துடைத்துவிட்ட ஈரத்தை நோக்கி
என் ரத்தம் நடந்துபோனது.

மணி வலப்பக்கம் தொங்கியது.
வலக்கை நன்றாகத்தான் இருந்தது.