பல் பிடித்துப் பார்த்தல்

ஹாவோத் வென் பண்ணைக்கு நான் போன அன்று
மழையென்றும் சொல்ல முடியாத ஒன்று
கோட்டுக்குள் ஊறிக்கொண்டிருந்தது.
இரு தரப்பு வக்கீல்களும் சேர்ந்து அனுப்பிய கடிதம் பையில்:
நிலம், வீடு, டிராக்டர், மந்தை,
எல்லாவற்றுக்கும் இன்றைய தேதியில் ஒரு விலை.
வடக்கு வேல்ஸில் முப்பத்தொரு வருடமாக
எனக்கு இதுதான் பிழைப்பு.
சாவுக்குக் கூப்பிடுவார்கள், கடனுக்குக் கூப்பிடுவார்கள்.
விவாகரத்துக்குக் கூப்பிட்டால் மட்டும்
தேநீர் இரண்டு இடத்தில் கிடைக்கும்.

இட்வால் சமையலறையில் தந்தான்.
மெரெரித், முற்றத்தில் நிறுத்திய கேரவனில்.
ஒரே தேயிலை.
அவள் சர்க்கரை போட மறந்திருந்தாள்,
அல்லது போடவில்லை.

டிராக்டர் சுலபம். பழசு. பதினோராயிரம் பவுண்டு.
கூரை ஒழுகுவதைக் கூரையே சொன்னது.
ஆடுகள் மலையில் இருந்தன.

அந்த மலைக்கு வேலி கிடையாது.
தாய் மேய்ந்த எல்லைக்குள்தான் மறி மேயும்,
அதன் மறியும் அப்படியே.
வேறு மலையில் கொண்டுபோய் விட்டால்
நடந்தே திரும்பிவிடும் மந்தை.
ஆகவே பாதி அவனுக்கு, பாதி அவளுக்கு என்று
ஓட்டிப் பிரிக்க வழியில்லை.
அவன் வைத்துக்கொள்வான், அவளுக்குப் பணமாகத் தருவான்.
விலை ஏறினால் அவளுக்கு லாபம், இறங்கினால் அவனுக்கு.
இது புரிய வக்கீல் தேவையில்லை.

இறக்கி ஓட்டிவர ஆள் இரண்டு வேண்டும்.
எட்டு மாதமாகப் பேச்சில்லை என்றார்கள்.
அவன் இடது சரிவில், அவள் ஓடைப் பக்கம்,
நடுவில் மோட் என்கிற நாய்.
இங்கிருந்து ஒரு சீழ்க்கை, அங்கிருந்து அதற்குப் பதில்.
இதைப் பேச்சில் சேர்ப்பதா என்று
என்னை யாரும் கேட்கவில்லை.

நானூற்றுப் பன்னிரண்டு.
பட்டியில் அடைத்து ஒவ்வொன்றாக வாயைத் திறந்தேன்.
பல் போன கிழடுகளை ஒதுக்கி
"இந்த அறுபதும் கசாப்பு விலை" என்றேன்.
இட்வாலுக்கு இது நல்ல சேதி.
தலையாட்டிவிட்டுச் சும்மா இருந்திருக்கலாம்.
"எது கசாப்பு?" என்றான்.
"இவள் போன வசந்தத்தில் பனியில் நின்று இரட்டை ஈன்றவள்.
இந்தக் காது கிழிந்தவளுக்கு வருவது ஏழாம் ஈத்து.
பல்லைப் பார்க்கிறீர், மடியைப் பாரும்."
முகம் சிவந்துவிட்டது.
தன் பையிலிருந்து தானே காசை உருவிக்கொண்டிருந்தான்,
தெரியாமல்.
தெரிந்தும் இருக்கலாம்.
பென்சிலால் அடித்துத் திருத்தினேன்.

மெரெரித் கம்பியில் சாய்ந்து நின்றாள்.
அவளும் வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும்.
"அந்த மூலையில் நிற்கிற பதினைந்துக்கும்
குளம்பைத் தூக்கிப் பாருங்கள்" என்றாள்.
தூக்கினேன். அழுகல் வாடை.
நல்ல விலையில் எழுதியிருந்தேன் அவற்றை.
இட்வால் அவள் பக்கம் திரும்பவில்லை.
"மருந்து போட்டுக்கொண்டுதான் இருக்கிறேன்"
என்றான், ஆட்டிடம்.

மனம் மாறிவிட்டார்கள் என்று நினைக்காதீர்கள்.
நானும் கீழே காருக்கு நடக்கும்வரை நினைத்தேன்.
டிசம்பரில் நீதிமன்ற ஆணை வந்தது:
ஆறு வருடம், ஒவ்வொரு இலையுதிர்காலச் சந்தைக்குப் பிறகும்
ஒரு தவணை.
அவள் பேங்கர் ஊரில் ஒரு லாரிக் கம்பெனிக்குக்
கணக்கெழுதப் போய்விட்டாள், கேரவனோடு.

நாய்க்கு நான் விலை போடவில்லை.
அந்த வரியை விட்டுவிடச் சொன்னார்கள் இருவருமே,
தனித்தனியாக,
மற்றவருக்குச் சொல்ல வேண்டாமென்று.

என் கட்டணம் ஆளுக்குப் பாதி.
ஆணைக்கு முந்தைய வாரம்
ஒரே உறையில் வந்தன இரண்டு காசோலைகள்.
இருபத்தாறு வருடமாக அந்த வீட்டில்
தொகையும் தேதியும் நிரப்புவது அவள்,
கீழே பெயர் போடுவது மட்டும் அவன்.
பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன்.
எழுத்து ஒரே கை.
கையெழுத்துத்தான் வேறு.