அரை மழை

வங்கியில் கேட்டார்கள்:
தயாரிப்பாளர் என்றால் என்ன தயாரிப்பது?
சீமெந்தா, மிக்சரா?
படிவத்தில் எனக்குக் கட்டமில்லை.
‘ஏனையவை’யில் புள்ளடி போட்டேன்.

முதற்படத்துக்கு நான் தயாரித்தவை:
நாற்பத்திரண்டு சோற்றுப் பார்சல், அதில் எட்டு மரக்கறி.
கடற்படைக்கு மூன்று மொழியில் கடிதம்.
கோட்டை வாசலில் அதன் இங்கிலிஷ் பக்கத்தை
ஒரு புள்ளிமான் தின்றுவிட்டது.
காவலுக்கு நின்ற பொடியன் சிரித்தான்,
சிரித்தபடியே உள்ளே விட்டான்.
காசு கட்டாமல் கிடைத்த அனுமதி
இன்றுவரை அதுதான்.

பிறகு மழை.
டைக் வீதியில், இரவில், கதாநாயகி நனைய வேண்டும்.
மார்ச் மாதம். வானத்தில் ஒரு பஞ்சு இல்லை.
நகரசபைத் தீயணைப்பு வண்டிக்கு
மணித்தியாலக் கணக்கில் கட்டினேன்.
குழாய் திறந்து, பெண் நனைந்து, வசனம் பாதி வரும்போது
வண்டிக்கு அழைப்பு:
மத்திய வீதியில் புடவைக்கடை எரிகிறது.
இயக்குநர் துஷ்யந்தன் என் கையைப் பிடித்தான்,
“அக்கா, ஒரேயொரு ஷொட்.”
உதறிவிட்டு, சாரதி றிஸ்மியிடம்
போங்கோ என்றேன்.
அந்தக் காட்சியை இயக்கியது நான்.

படத்தில் மழை பாதியில் நிற்கிறது.
ஒரு தலைமுறையின் முடிக்கப்படாத அழுகை என்று
யாழ்ப்பாணத்து விமர்சகர் ஒருவர் எழுதினார்.
வெட்டி வைத்திருக்கிறேன்,
தீயணைப்பு ரசீதோடு சேர்த்து.

ஓடியது பதினொரு நாள்.
தாலியை அடகு வைத்த தயாரிப்பாளர் கதைகள் நிறைய உண்டு;
எனக்குத் தாலியில்லை, ஜெனரேட்டரை வைத்தேன்.

தொலைக்காட்சி வட்டியைக் கட்டியது.
ஐம்பத்திரண்டு வாரம்,
கொழும்பு சொல்லும் நீளத்தில் கண்ணீர்.
முப்பத்தோராம் வாரம் மாப்பிள்ளையாக நடித்தவன்
கனடாவுக்குப் போய்விட்டான், மேக்கப்பைக்கூடக் கழுவாமல்.
கிண்ணியாப் பாலத்தில் அவனது செருப்பை மட்டும் வைத்துப்
படம் பிடித்தோம்.
ஊர் அழுதது.
மீன் வாங்கப் போனால் இன்னும் கேட்கிறார்கள்,
அந்தப் பிள்ளையை ஏன் கொன்றீர்கள்?
அவன் ஸ்காபரோவில் பனி தள்ளுகிறான் என்று சொல்லலாம்.
சொல்வதில்லை.
அந்தக் கண்ணீருக்குக் காசு வாங்கியிருக்கிறேன்.

ஒவ்வொரு கிழமையும் கடைசியில் என் பெயர் வரும்.
தயாரிப்பு: எமில்டா செப—
அரிசிமா விளம்பரம்.

நேற்றுப் புடவைக்கடைக்காரர் கூப்பிட்டார்.
அன்று எரிந்தது பாதிக் கடைதானாம்,
மிச்சத்தை வைத்து நின்று பிடித்தாராம்.
“அடுத்த படத்துக்கு உடுப்பு என்ர பொறுப்பு.”
அளவு நாடாவைச் சுருட்டிக்கொண்டே,
“கதை என்ன?”

கதை இன்னும் இல்லை.
பார்சல் எத்தனை என்று மட்டும் தெரியும்.