ஊசித் துளைகள்

முதல் பெயர் ரயில்வேயுடையது.
காம்ப்போ லென்யாவில், எஞ்சின் கழுவும் தொட்டிக்குப் பின்னால்
சாம்பல் கலந்த சிமென்ட் தரை,
தண்டவாளத்தை வெட்டி நட்ட இரண்டு கம்பங்கள்.
நாற்பத்தொன்பதில் என்கிறார்கள்.
நான் அப்போது பிறக்கவில்லை.
ஆனால் அந்தச் சட்டைகளில் ஒன்று என்னிடம் இருக்கிறது.
மார்பில் மூன்று எழுத்து, சங்கிலித் தையல்.
தைத்தவர் யாரோ, கை சுத்தம்.

இரவு எட்டு நாற்பதுக்குச் சரக்கு வண்டி கடக்கும்போது
ஆட்டத்தை நிறுத்துவார்களாம்,
நடுவரின் விசில் கேட்காது என்று.
தோற்கிற அணி
வண்டிக்காகக் காத்திருக்கும்.

நான் வந்தது நான்காவது பெயருக்கு.
லியோகாதியா, தையல், தினக்கூலி.
பிஸ்கட் கம்பெனியைப் பிரித்துவிட்டு
குளிர்பெட்டிக் கம்பெனியைத் தைக்கச் சொன்னார்கள்.
பதினான்கு சட்டை, ஒரே இரவு.
பிளேடால் நூலறுத்து, வாயால் ஊதி,
ஈரத்துணி போட்டுத் தேய்த்தேன்.
எழுத்து போனது, துளை போகவில்லை.
பல்புக்கு நேரே பிடித்தால்
பிஸ்கட்டை இன்னும் வாசிக்கலாம்.

அந்தக் கம்பெனி முதலில் பணம் தந்தது.
பிறகு வாக்குத் தந்தது.
பிறகு குளிர்பெட்டியே தந்தது,
மூன்று மாதச் சம்பளத்துக்கு ஆளுக்கு ஒன்று.
வளையத்தடியில் ஆடும் அதெமாருக்கு
வீட்டில் மின்சாரம் கிடையாது.
ஆட்டக் காலணிகளை உள்ளே வைத்துச் சாத்தினான்.
"எலி கடிக்காது, லியோ."
இரண்டு மீட்டர் நான்கு. சிரிக்கும்போது குனிவான்.

அந்த எலி கடிக்காத காலணியோடுதான்
மாநில இறுதிப்போட்டிக்குப் போனோம்.
ஏழு வினாடி, ஒரு புள்ளி பின்தங்கல்.
அவன் எறிந்த பந்து வளையத்தின் மேல் உட்கார்ந்தது.
நிஜமாகவே உட்கார்ந்தது,
பேருந்தில் இடம் கிடைத்தவள்போல.
நான் துண்டு மடிப்பதை நிறுத்தினேன்.
வெளிப்பக்கமாக இறங்கிற்று.

திரும்பி வருகையில் இருநூறு கிலோமீட்டர் யாரும் பேசவில்லை.
சுங்கச்சாவடியில் சில்லறை போதாமல்
பயிற்சியாளர் இருக்கை இருக்கையாகத் தொப்பியை நீட்டினார்.
அப்போது ஒருவன் சிரித்தான்.
பிறகு ஊர் வரும்வரை நிறுத்த முடியவில்லை.

ஐந்தாவது ஒரு பல்கலைக்கழகம், ஆறாவது பற்பசை.
இல்லை, பற்பசைதான் முதலில்.
ஏழாவது யாரென்று சொல்லக்கூடாது, வழக்கு நடக்கிறது.
இடையே இரண்டு வருடம் பெயரே இல்லை.
நகராட்சி விளக்குக் கட்டணம் கட்டவில்லை.
கூடம் முழுக்க வாக்குப்பெட்டிகள்,
பிறகு வெள்ளத்தில் வந்தவர்களின் மெத்தைகள்.
வளையத்தில் யாரோ குழந்தைத் துணி காயப்போட்டிருந்தார்கள்.
எப்படி எட்டியதோ, நான் கேட்கவில்லை.

கூட்டமைப்பின் பதிவேட்டில்
நாங்கள் ஏழு தனித்தனிச் சங்கங்கள்.
இதற்கு இரண்டு கோப்பை, அதற்கு ஒன்றுமில்லை.
மேல்வரிசைக்காரர்கள் பதிவேடு படிப்பதில்லை.
பற்பசை பெயரைச் சொல்லி
ஒரு மனிதன் தொண்டை கிழியக் கத்த முடியுமா?
தண்டவாளம் பெயர்த்து முப்பது வருடம் ஆகியும்
"ஃபெர்ரோ! ஃபெர்ரோ!"
இரும்பே, இரும்பே என்றுதான்
பலகையைக் காலால் உதைக்கிறார்கள்.

இன்று காலை அட்டைப்பெட்டி வந்தது.
எட்டாவது பெயர், ஒரு வங்கி.
தைக்க வேண்டாமாம்,
சூட்டில் ஒட்டும் எழுத்து, பதினைந்து வினாடி.
"உரித்தால் தடயமே இருக்காது"
என்றான் கொண்டுவந்த பையன்,
நல்ல சேதி சொல்கிறவனாய்.
கையெழுத்துப் போட்டுப் பெட்டியை வாங்கினேன்.

மதியம், கதவைச் சாத்திக்கொண்டு
ஒவ்வொரு சட்டையின் உள்பக்கத்திலும்
பிடரிக்குக் கீழே, வியர்வை முதலில் இறங்குமிடத்தில்
சாம்பல் நூலால் இரண்டு கோடு,
குறுக்கே நான்கு கட்டை.

பன்னிரண்டாம் எண்ணில் கண் கூசிவிட்டது,
தண்டவாளம் கொஞ்சம் வளைந்தது.
பிரிக்கவில்லை.
அந்த எண்ணுக்கு இன்னும் ஆள் எடுக்கவில்லை.