எறிகிற கை

எங்கள் வீட்டில் யாரும் அந்த ஆட்டத்தைப் பார்த்ததில்லை.
காங்கயத்திலிருந்து சென்னிமலை போகிற ரோட்டில்
தேங்காய்க் களங்களுக்கு நடுவே
தகரக் கூரை போட்ட எங்கள் கம்பெனி
பதினோரு வருசமாக
வெல்டிங் பட்டறைகளுக்குக் கையுறை தைத்தது.
போன மாசியில்தான் பேஸ்பாலுக்கு மாறினோம்.

மாட்டுத்தோல் என்று சொல்வதில்லை.
தொழுவத்தில் நாலு உருப்படி நிற்கிற வீடு.
ஈரோட்டு வண்டி ஹாரன் அடித்தால்
'சரக்கு வந்திருச்சா?' என்பார் மாமனார்.
புதிதாக வந்த பால்காரர்
அதை வேறு சரக்கு என்று எண்ணி
கொஞ்ச நாள் எங்களை ஒரு மாதிரி பார்த்தார்.

முதல் ஆர்டர், அறுநூற்று நாற்பது.
தாளில் மூன்றே எழுத்து: ஆர். எச். டி.
'ரைட் ஹேண்டு' என்றார் மூத்தவர் நாச்சிமுத்து.
டி?
'டைப்பா இருக்கும், போ.'
அவர் வெட்டினார், என் வீட்டுக்காரர் தைக்க வைத்தார்,
நான் கணக்கு எழுதினேன்.
மூன்றாம் நாள்
லேஸ் கோத்துக்கொண்டிருந்த சம்பூர்ணம்
ஒன்றை மாட்டிப் பார்த்துவிட்டுக் கேட்டாள்:
'ஏனுங்க, இதெச் சோத்தாங்கையில போட்டுக்கிட்டா
பந்தெ எறியறது எந்தக் கையிலீங்க?'
சிரித்தோம்.
டீ வந்தது. குடித்தோம்.

பெட்டி கட்டுகிற அன்று
வாங்குகிறவருக்குப் போட்டோ அனுப்பினோம்.
பத்து நிமிசத்தில் போன்.
வலது கையால் எறிகிறவனுக்கு
உறை இடது கைக்குத்தான்.
பிடிப்பது பீச்சாங்கை.
அது ஒரு ஆட்டம், அதற்கு இப்படி ஒரு ஞாயம்.

அன்று ராத்திரி நாச்சிமுத்து
பிசைந்த சோற்றோடு கையை அப்படியே வைத்துக்கொண்டு
இன்னொரு கையைப் பார்த்தார்.
அண்ணனும் தம்பியும் ஒன்பது நாள் பேசவில்லை.
'நூல் தீந்திருச்சுன்னு சொல்லு.'
'ஈரோட்டுக்குப் போன் பண்ணச் சொல்லு.'
நாலடி தூரத்துக்கு நான் தபால்காரி.

நாற்பதை மட்டும் எடுத்துக்கொண்டார்கள்,
அந்த ஊரிலும் பீச்சாங்கைக்காரர்கள் இருக்கிறார்களாம்.
மிச்சத்தைப் புதிதாகத் தைத்தோம்.
என் ஆரம் பேங்குக்குப் போனது,
ஆவணியில் திரும்பியது, கொஞ்சம் இளைத்த மாதிரி.
சம்பூர்ணம் ஒரு நாளும் சொல்லிக் காட்டவில்லை.
நாங்கள்தான் அவள் மெசினைத் தாண்டும்போது
வேகமாக நடந்தோம்.

அறுநூறு உறைகள் பரண்மேல்.
எலி வராமல் இருக்க வேப்பிலை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, கரண்ட் இல்லாத மத்தியானம்,
கணக்கு நோட்டு தேடப் போய்
ஒன்றைக் கீழே இறக்கினேன்.
வலது கையில் மாட்டினேன்.
புதுத்தோல், விரல் மடங்க மறுத்தது.
இடது கை சும்மா தொங்கியது.

அந்தக் கையைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும்.
வெள்ளகோவில் பள்ளிக்கூடத்தில்
மூன்றாம் வகுப்பு முழுக்க
மர ஸ்கேல் அதன் முட்டியில்தான் விழுந்தது.
பந்தியில் அது இலையைத் தொட்டபோது
அம்மா தொடையில் கிள்ளினாள்,
யாருக்கும் தெரியாமல், சிரித்த முகத்தோடு.
அப்புறம் நான் வலது கைக்காரி.
காய் நறுக்குவது மட்டும்
அடுப்படியில் தனியாக இருக்கும்போது
அந்தக் கையால்.

மாதிரிப் பந்து மேசையில் இருந்தது.
வாசலுக்கு வந்து
எறிந்தேன்.

யாரும் சொல்லித் தரவில்லை.
தோள் தானாகப் பின்னால் போனது,
இடுப்பு திரும்பியது,
பந்து காம்பவுண்டுச் சுவரைத் தாண்டி
வேப்பமரத்தையும் தாண்டி
பக்கத்துக் களத்தில் போய் விழுந்தது.

சேலையைச் சொருகிக்கொண்டு போய்த் தேடினேன்.
இரண்டு ஏக்கரா.
உடைத்துக் காயப்போட்ட தேங்காய் மூடிகள்
வெள்ளை வெள்ளையாய் வானம் பார்த்துக் கிடந்தன.
களத்துக் காவல்காரர் பொன்னான்
குடையோடு எழுந்து வந்தார்.

'என்ன தேடறீங் அம்மிணி?'

'வெள்ளையா, உருண்டையா, ஒண்ணு.'

அவர் களத்தைப் பார்த்தார்.
என் கையில் இருந்த உறையைப் பார்த்தார்.
'கை வீங்கிருச்சுங்களா?' என்றார்.