தொழில்: ஒரு கட்டம்

துலூஸ் மாநகராட்சியில் மூன்றாம் சாளரம்.
இறப்பைப் பதிய வந்திருக்கிறேன்.
என் சீட்டு எண்பத்தேழு.
வெளியே ஓதான் காற்று,
கழுதையையும் கிறுக்காக்கும் என்பார்கள் இங்கே.

பெயர்: எவாரிஸ்த் லபூர்தெத்.
உங்களுக்கு என்ன உறவு, என்றாள் எழுத்தர்.
அவர் எடுத்ததையெல்லாம் வெட்டியவள், என்றேன்.
அவள் நிமிர்ந்து பார்த்தாள்.
படத்தொகுப்பு, என்றேன்.

அடுத்து, தொழில்.
ஒரே கட்டம். என் சுண்டுவிரல் நீளம்.

முதலில் நாவல்தான்.
தார்பில், செருப்புக்கடை மாடியில்
தோல்வாடைக்கு நடுவே எழுதியது.
முந்நூற்றுப் பதினொரு பிரதி போயிற்று;
நாற்பதை வாங்கியவர் பதிப்பாளரின் மாமனார்.
ஒவ்வொரு வாக்கியமும் காற்புள்ளி காற்புள்ளியாகத் தொற்றி
அடுத்த பக்கத்துக்குத் தாவும்.
மூச்சு வாங்கும் எனக்கு.

அப்புறம் ரயிலடிக் கடைகளுக்குத் துப்பறியும் கதை,
மாதம் ஒன்று, புனைபெயரில்.
கொன்றது யாரென்று எட்டாம் அத்தியாயத்தில்
அவனே மறந்துபோவான்.
தட்டச்சு செய்த மர்த்தீன்
இரண்டு முறை கொலையாளியை மாற்றியிருக்கிறாள்.
வாசகர் எவரும் குறை சொல்லவில்லை.

தொலைக்காட்சிக்கு வந்தது வாடகை பாக்கியால்.
லீக் தண்டு விலை, கரோன் வெள்ளம்,
திராட்சைக்கு விழுந்த ஆலங்கட்டி.
பிறகு அந்தத் தொடர்:
வியாழன் இரவு எட்டரை, கால்நடை மருத்துவர்,
வாரம் ஒரு பசு, வாரம் ஒரு மனஸ்தாபம்.
ஆறு வருஷம்.

அறுபத்து மூன்றாம் பாகத்தில்
கன்று செத்துப்போகிறது.
பண்ணைக்காரி அடுப்படிக்கு வந்து
பால் பொங்கக் காத்து நிற்கிறாள்.
நடிகை இல்லை, அந்த வீட்டுக்காரியே.
காமிராவை மறந்திருந்தாள்,
பாலையும் மறந்திருந்தாள் என்றே நினைக்கிறேன்.
நாற்பத்தேழு வினாடி. பேச்சில்லை.

நிலைய இயக்குநர் என் அறைக்கே வந்தார்:
பெட்டி கெட்டுப்போச்சு என்று
ஊரே போன் செய்யும். வெட்டு.

வெட்டினேன்.
பிஸ்கட் டப்பாவில் போட்டு
வீட்டுக்குக் கொண்டுபோனேன். அது திருட்டுதான்.

ஒன்பது வருஷம் கழித்து அவனுடைய சினிமா.
ரயில்வே கேட் காப்பவளைப் பற்றி.
கடைசிக் காட்சிக்கு முன்னால் பணம் தீர்ந்தது.
ஒளிப்பதிவாளன் லென்சைத் திருப்பிக் கொடுக்கப் போய்
திரும்பவே இல்லை.
மேசையில் எவாரிஸ்த் தலை கவிழ்ந்திருந்தான்.
நான் டப்பாவைத் திறந்தேன்.

பதினாறை முப்பத்தைந்தாக ஊதியதில்
ரவை ரவையாய்ப் பிரிந்தது உருவம்.
அவள் முகம், அடுப்பு, ஜன்னலில் பனி.
அதுவே முடிவாயிற்று.

பாரிஸ் பத்திரிகை எழுதியது:
'தொலைக்காட்சியின் அவசரம் அறியாத இறுதிக் காட்சி;
இங்கேதான் சினிமா பிறக்கிறது.'
என் சமையலறையில் அதை உரக்கப் படித்தான்.
சிரித்துச் சிரித்து
அவனுக்கு இருமல் வந்தது, எனக்கு விக்கல்.

படம் மூன்று வாரம் ஓடியது.
மறுபடி கூலி வேலை: கடுகு விளம்பரம்,
வினாடி வினாவுக்குக் கேள்விகள்,
ஒரு பிஷப்பின் சுயசரிதை.
அறுபத்தெட்டில் இன்னொரு நாவல்.
வாக்கியங்கள் குட்டை.
உன் கத்தரியோடு ரொம்ப நாள் இருந்துவிட்டேன், என்றான்.
அதை நான் இன்னும் முடிக்கவில்லை.
நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில்
பேருந்துச் சீட்டு செருகியிருக்கிறது.

மாட்டு டாக்டர் எடுத்தவரா, என்றாள் எழுத்தர்,
எங்கள் வீட்டில் வியாழக்கிழமை என்றால்...
முகப்பு இசையை முணுமுணுத்தாள்,
இரண்டு சுரம் தப்பாக.
காலியாக விட்டாலும் கணினி ஏற்கும், மதாம்.

என் பின்னால் எண்பத்தெட்டு செருமினார்.
பேனாவைக் கட்டத்தின் மேல் பிடித்தபடி
மனசுக்குள் எண்ணினேன்,
நாற்பத்தேழு வரை.

யாரும் போன் செய்யவில்லை.